ஆஸ்டா நீல்சன்: மேடை கைவிட்ட நடிகையா, தன் வழியைத் தானே வெட்டிக்கொண்டவரா?

சுருள்பெட்டி (இழையைத் தொடங்கியவர்)

அனைவருக்கும் வணக்கம். மௌனப்பட நடிகர்களைப் பற்றி இங்கே பேசும்போதெல்லாம் சாப்ளினில் தொடங்கி கார்போவில் முடித்துவிடுகிறோம். இவர்களுக்கு முன்பே ஐரோப்பா முழுவதும் பெயரைச் சொன்னாலே கொட்டகை நிறையும் என்ற நிலையை எட்டிய டென்மார்க் நடிகை ஆஸ்டா நீல்சன் நம் பேச்சில் வருவதே இல்லை என்பது என் நெடுநாளைய ஆதங்கம். அதனால்தான் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

அவர் 1881 செப்டம்பர் 11 அன்று கோபன்ஹேகனின் தொழிலாளர் குடியிருப்பான வெஸ்டர்ப்ரோவில் பிறந்தவர். தந்தை கொல்லர், வேலை நிலைக்காதவர். தாய் பிறர் வீட்டுத் துணிகளை வெளுத்துக் கொடுத்துக் குடும்பத்தைத் தாங்கியவர். பிழைப்புக்காகக் குடும்பம் சில காலம் கடல் தாண்டி ஸ்வீடனின் மால்மோ நகரில் வாழ்ந்தது. ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதாக இருந்தபோது தந்தை இறந்துவிட்டார். அந்த வீட்டிலிருந்து கிளம்பிய ஒரு பெண் ராயல் தியேட்டரின் நடிப்புப் பள்ளியில் இடம் பெற்றதே பெரிய செய்தி. ஆனால் பள்ளியை முடித்து ஏறத்தாழ எட்டு ஆண்டுகள் மேடையில் உழைத்த பின்னும் பெரிய வேடம் எதுவும் அவரைத் தேடி வரவில்லை. 1910இல் உர்பான் காட் இயக்கிய 'படுகுழி' என்ற ஒரே படம் எல்லாவற்றையும் மாற்றியது.

இங்கேதான் என் கேள்வி. பெரும்பாலான திரைப்பட வரலாறுகள் இதை ஓர் இயக்குநர் ஒரு முகத்தைக் கண்டெடுத்த கதையாகவே சொல்கின்றன. நான் அதை ஏற்கவில்லை. நடிகையும் இயக்குநரும் அந்தப் படத்தை எடுத்தது திரைத்துறையில் நுழைவதற்காகவே அல்ல. கோபன்ஹேகன் நாடக நிர்வாகிகளின் கண்ணில் படவேண்டும், அவலச்சுவைப் பாத்திரங்களை இவரால் தாங்க முடியும் என்று காட்டவேண்டும் என்பதே நோக்கம். அதாவது, வேலை கேட்டு எழுதும் விண்ணப்பத்துக்குப் பதிலாக ஒரு படத்தையே எடுத்து நீட்டினார்கள். தனக்கான இடத்தைத் தானே உண்டாக்கிக்கொள்ளும் இந்தப் பழக்கம் அவருடைய தொழில் வாழ்க்கையின் கடைசி வரை தொடர்ந்தது என்பது என் வாதம். மாற்றுக் கருத்து உள்ளவர்கள் தாராளமாக எழுதுங்கள்.

திரைச்சீலை

வணக்கம் சுருள்பெட்டி அவர்களே. மேடையோடு நெடுங்காலம் தொடர்புள்ளவன் என்ற முறையில், அந்த எட்டு ஆண்டுகளை வீணான காலம் என்று ஒதுக்கிவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

ராயல் தியேட்டரில் அவருக்குக் கற்பித்தவர் பீட்டர் யெர்ன்டோர்ஃப், அந்தக் காலத்தின் மதிப்புமிக்க நடிகர். அங்கே பயின்றுகொண்டிருந்த 1901ஆம் ஆண்டில், மணமாகாத நிலையில், ஆஸ்டா ஒரு பெண் குழந்தைக்குத் தாயானார். குழந்தைக்கு யெஸ்டா என்று பெயரிட்டார். தந்தை யார் என்பதை வாழ்நாள் முழுவதும் வெளியிடவில்லை. அன்றைய கோபன்ஹேகனில் ஒரு நாடக மாணவிக்கு அது எவ்வளவு பெரிய இடராக இருந்திருக்கும் என்று விரித்துச் சொல்லத் தேவையில்லை. தாயும் அக்காவும் குழந்தையைப் பார்த்துக்கொள்ள, அவர் 1902இல் பயிற்சியை முடித்து டாக்மார் தியேட்டரில் சேர்ந்தார். பிறகு சுற்றுப்பயணக் குழுக்களோடு நார்வேயிலும் ஸ்வீடனிலும் ஊர் ஊராக நடித்தார். அதன் பின்னர், 1908இல் திறக்கப்பட்ட நியூ தியேட்டரில் இடம் கிடைத்தது.

ஏன் பெரிய வேடங்கள் கிடைக்கவில்லை என்பதற்கு இரண்டு காரணங்கள் சொல்லப்படுகின்றன. ஒன்று அவருடைய ஆழ்ந்த, கனத்த குரல். மற்றொன்று தோற்றம். மெலிந்த, ஏறக்குறைய சிறுவனைப் போன்ற உடல், கருங்கூந்தல், மிகப் பெரிய கரிய கண்கள். அக்கால டென்மார்க் மேடை கதாநாயகியிடம் எதிர்பார்த்த மென்மையும் வெண்மையும் அவரிடம் இல்லை. ஆனால் சுற்றுப்பயண நாடகத்தில் ஒரு நடிகர் கற்றுக்கொள்வது வேறொன்று. ஒவ்வொரு ஊரிலும் மேடையின் அளவு மாறும், விளக்கு மாறும், பார்வையாளர் மாறுவார். குரல் எட்டாத இடத்தில் உடல் எட்டியாக வேண்டும். துணை வேடத்தில் நிற்பவர் வசனமின்றி நீண்ட நேரம் மேடையில் இருக்கவேண்டியிருக்கும். பேசாமல் கவனத்தைத் தன்மேல் இருத்திக்கொள்ளும் கலையை வேறு எங்கே பயில முடியும்? ஆகவே, மேடை அவரைக் கைவிட்டது என்பது பாதி உண்மைதான். அவர் திரைக்குக் கொண்டுபோன சரக்கு முழுவதும் மேடையில் சேர்த்தது.

புதுவாசகன்

பெரியவர்களிடம் ஓர் ஐயம் கேட்கலாமா? ஒரு சிறிய நாட்டில், ஒரே படத்தில் நடித்தவர், அடுத்த ஆண்டே ஜெர்மனியில் பெரிய ஒப்பந்தம் பெற்றார் என்று படித்தேன். அது எப்படி? அன்றைக்குத் திரைத்துறை அப்படித்தான் இயங்கியதா?

கணக்கேடு

புதுவாசகன் கேட்டது நல்ல கேள்வி. இதற்கு விடை நடிப்பில் மட்டும் இல்லை. வணிக முறையிலும் இருக்கிறது. சற்று விரிவாகவே எழுத அனுமதியுங்கள்.

1910 வரை ஐரோப்பாவில் படம் என்பது மீட்டர் கணக்கில் விற்கப்பட்ட பொருள். தயாரிப்பாளர் பிரதியை மீட்டருக்கு இவ்வளவு என்று விற்றுவிடுவார். வாங்கிய கொட்டகைக்காரர் தேயும்வரை ஓட்டிவிட்டு வேறொருவருக்குக் கைமாற்றுவார். ஒரே தெருவில் இரண்டு கொட்டகைகள் ஒரே படத்தைக் காட்டுவதும் உண்டு. ஒரு காட்சி என்றால் பத்துப் பதினைந்து நிமிடங்களுக்கு மேற்படாத பல துண்டுப் படங்களின் தொகுப்பு. அதில் நடித்தவர் யாரென்று விளம்பரத்தில் போடும் வழக்கமே பரவலாக இல்லை.

'படுகுழி' ஏறத்தாழ நாற்பது நிமிடம் ஓடுவது. அதுவே முதல் நீளப்படம் என்று சிலர் எழுதுவது சரியல்ல. அதே ஆண்டு தொடக்கத்தில் ஆர்ஹுஸ் நகரின் ஃபோட்டோராமா நிறுவனம் வெளியிட்ட 'வெள்ளை அடிமை வணிகம்' நீளப்படத்துக்குச் சந்தை உண்டு என்பதை முன்னரே மெய்ப்பித்திருந்தது. 'படுகுழி' செய்த புதுமை வேறு. அதன் ஜெர்மனி உரிமையை வாங்கிய டுசல்டோர்ஃப் நகரின் லுட்விக் காட்ஷால்க், பிரதிகளை மீட்டர் கணக்கில் விற்காமல், இந்த ஊரில் இந்தக் காலத்துக்கு இந்தக் கொட்டகை மட்டுமே காட்டலாம் என்று தனியுரிமையாகக் கொடுத்தார். இதற்கு 'மோனோபோல்' முறை என்று பெயர். தனியுரிமை பெற்றவர் துணிந்து விளம்பரம் செய்யலாம், கட்டணத்தை உயர்த்தலாம், வாரக்கணக்கில் ஓட்டலாம். அப்படி விளம்பரம் செய்யும்போது மக்கள் நினைவில் நிற்க ஒரு பெயர் வேண்டும். அந்தப் பெயர் ஆஸ்டா நீல்சன்.

ஃபிராங்க்ஃபர்ட்டில் பல கொட்டகைகளை நடத்திவந்த பவுல் டேவிட்சன் இதைக் கண்டுகொண்டார். படத் தயாரிப்பில் அக்கறையற்று இருந்த அவரை அந்தத் தொழிலுக்கே இழுத்தது ஆஸ்டா நீல்சன் படம்தான். 1911இல் அவரும் பெர்லினின் டாய்ச்சே பயோஸ்கோப் நிறுவனமும் சேர்ந்து 'ஆஸ்டா நீல்சன் வரிசை' என்ற ஏற்பாட்டைத் தொடங்கினர். ஒரு பருவத்துக்குரிய படங்கள் எடுக்கப்படும் முன்னரே கொட்டகைகளுக்கு மொத்தமாக விற்கப்பட்டன. கதை எழுதப்படவில்லை, தலைப்பு முடிவாகவில்லை. நடிகையின் பெயர் ஒன்றை நம்பியே பணம் கைமாறியது. இன்று நட்சத்திரத்தின் பெயரில் முன்விற்பனை நடப்பது நமக்குப் பழகிப்போன ஒன்று. அதற்கான தொடக்கங்களில் முதன்மையானது இந்த ஏற்பாடு.

பெர்லினை அடுத்த பாபெல்ஸ்பெர்க்கில் கண்ணாடிக் கூரையோடு எழுந்த படப்பிடிப்பு நிலையத்தில் முதன்முதலில் எடுக்கப்பட்ட படம், 1912 பிப்ரவரியில் தொடங்கிய ஆஸ்டாவின் 'மரண நடனம்'. பிற்காலத்தில் உலகப் புகழ்பெற்ற அந்த நிலையத்தின் வரலாற்றில் முதல் வரியே அவருடையதாகிவிட்டது.

சுருள்பெட்டி அவர்களின் வாதத்துக்கு இதில் ஒரு மறுப்பு இருக்கிறது என்றே கருதுகிறேன். 'படுகுழி' இரண்டு ஆண்டுகள் முன்னதாக வந்திருந்தால், எவ்வளவு சிறந்த நடிப்பானாலும், பத்துக் கொட்டகைகளில் தேய்ந்து மறைந்திருக்கும். வணிகம் அந்தத் தருணத்தில் ஒரு முகத்துக்காகக் காத்திருந்தது.

சுருள்பெட்டி

கணக்கேடு அவர்களுக்கு நன்றி. வணிகம் காத்திருந்தது என்பதை மறுக்கவில்லை. ஆனால் அதே மோனோபோல் முறையில் அடுத்தடுத்துப் பலரை முன்னிறுத்தினார்கள், அனைவரும் நிலைக்கவில்லை. எனவே திரையில் என்ன நடந்தது என்பதையும் பார்த்தாக வேண்டும். டென்மார்க் திரைப்படக் கழகம் தன் மௌனப்பட இணையதளத்தில் 'படுகுழி'யை இலவசமாகவே வைத்திருக்கிறது. பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள்.

கதை எளியது. மாக்டா என்ற பியானோ ஆசிரியை, டிராம் வண்டியில் பழக்கமான பாதிரியார் மகனோடு நிச்சயமாகியிருந்தும், ருடால்ஃப் என்ற சர்க்கஸ்காரனோடு ஓடிப்போகிறாள். அவனால் சீரழிந்து, முடிவில் அவனையே குத்திக் கொல்கிறாள். பலரும் எழுதுவது நடுவில் வரும் கௌச்சோ (தென்னமெரிக்க மாட்டிடையர்) நடனத்தைப் பற்றி. உடலை ஒட்டிய கரிய ஆடையில் அவர் ருடால்ஃபைச் சுற்றிச் சுற்றி வந்து, கயிற்றை வீசி அவனைக் கட்டிப்போட்டு, அவன்மீது உராய்ந்து ஆடுகிறார். கேமரா மேடையின் பக்கவாட்டில் அசையாமல் நிற்கிறது, வெட்டு இல்லை. நடனத்தைப் பார்க்கும் கூட்டத்தை நமக்குக் காட்டுவதே இல்லை. ஆகையால் அவர் யாரை மகிழ்விக்க ஆடுகிறார் என்ற கேள்வி எழும்போது, தனக்காகவும் கட்டுண்டு நிற்பவனுக்காகவும் மட்டுமே என்ற விடைதான் கிடைக்கிறது. ஸ்வீடனிலும் நார்வேயிலும் தணிக்கையாளர்கள் இந்தப் படத்தின்மேல் கை வைத்ததில் வியப்பில்லை.

எனினும் என்னை அசைத்தது கடைசிக் காட்சி. கொலைக்குப் பிறகு காவலர்கள் அவரைக் கூட்டிவருகிறார்கள். 1910இல் வேறு எந்த நடிகையாக இருந்தாலும் கைகளை உயர்த்தியிருப்பார், தலைவிரிகோலமாக விழுந்திருப்பார். ஆஸ்டா ஒன்றும் செய்வதில்லை. உடல் மட்டும் நடக்கிறது, முகம் உறைந்திருக்கிறது, நம்மை நோக்கி நெருங்க நெருங்க அந்தக் கண்களில் ஒன்றும் இல்லை என்பது தெரிகிறது. திரைச்சீலை ஐயா சொன்ன, பேசாமல் நிற்கும் பயிற்சியின் முழு விளைச்சலையும் அந்தச் சில விநாடிகளில் காணலாம். படம் திரையிடப்பட்டது 1910 செப்டம்பர் 12 அன்று, அவருடைய இருபத்தொன்பதாவது பிறந்தநாளுக்கு மறுநாள். தன்னை மெய்ப்பித்துக்காட்ட நெடுங்காலம் காத்திருந்த ஒருவரின் நடிப்பு அது.

நிழலாடி

இழையைத் தொடர்ந்து படித்துவருகிறேன். உர்பான் காட்டை இவ்வளவு எளிதாக ஓரங்கட்டுவது நியாயமாகப் படவில்லை.

அவர் யார் என்பதைப் பாருங்கள். கடற்படை உயரதிகாரியின் மகன். தாய் எம்மா காட் கோபன்ஹேகன் மேடைகளில் நாடகங்கள் அரங்கேறிய எழுத்தாளர். 1918இல் நன்னடத்தை பற்றி அவர் எழுதிய நூல் இன்றளவும் டென்மார்க்கில் வீட்டுக்கு வீடு அறியப்பட்டது. உர்பான் மேடை வடிவமைப்பிலும் கலை ஆலோசனையிலும் பணியாற்றியவர். 1912இல் நடந்த திருமணத்தின் வழியே வெளுப்புத் தொழிலாளியின் மகள் அந்தக் குடும்பத்தின் மருமகளானார். முதல் உலகப் போரின் தொடக்கம் வரையிலான முப்பதுக்கும் மேற்பட்ட படங்களின் கதையையும் இயக்கத்தையும் பெரும்பாலும் உர்பானே ஏற்றார். நடிகையின் முகத்துக்குப் போதிய நேரம் கொடுத்து, கேமராவை அவசரப்படுத்தாமல் நிறுத்திவைத்தது இயக்குநரின் முடிவு அல்லவா?

அதோடு வகைவகையான வேடங்களையும் அவர் எழுதிக் கொடுத்தார். 1913இல் வந்த 'வாக்குரிமைப் போராளி' படத்தில் ஆஸ்டா வெடிகுண்டு வைக்கத் துணியும் பெண்ணுரிமைப் போராளி. சிறையில் வலுக்கட்டாயமாக உணவு புகட்டும் காட்சிகூட அதில் உண்டு. 1914இல் வந்த 'எங்கெலைன்' நகைச்சுவைப் படத்தில், பதினேழு வயதுப் பெண் பணக்கார மாமனின் சொத்துக்காகப் பன்னிரண்டு வயதுச் சிறுமியாக நடிக்கிறாள். அப்போது ஆஸ்டாவுக்கு வயது முப்பத்திரண்டு! அந்தப் பாத்திரத்துக்கு அவருடைய மகளின் பெயரான யெஸ்டா என்பதையே வைத்திருந்தார்கள். அதே ஆண்டின் 'சபாட்டாவின் கும்பல்' படத்தில் ஆண் உடை தரித்த கொள்ளைக்காரன். இத்தனை வகை வேடங்களை ஒரு நடிகைக்குத் தொடர்ந்து கொடுத்த இயக்குநர் அக்காலத்தில் வேறு யார்?

வடதிசை

நிழலாடி சொல்வதில் பெரும்பகுதி சரி. ஆனால் 1915 வாக்கில் இருவரும் பிரிந்தார்கள். 1918இல் மணமுறிவும் ஆயிற்று. காட் இல்லாமல் அவர் என்ன ஆனார் என்று பார்த்தால்தான் இந்த வழக்கு தீரும். அதற்கு நான் முன்வைக்கும் சான்று 'ஹாம்லெட்'.

1920இல் ஆஸ்டா பெர்லினில் 'ஆர்ட் ஃபிலிம்' என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். அதன் முதல் தயாரிப்பு, ஷேக்ஸ்பியர் நாடகத்தின் இளவரசனைப் பற்றிய 'ஹாம்லெட்'. 1921இல் திரைக்கு வந்தது. இயக்கியவர்கள் ஸ்வென் காடே, ஹைன்ஸ் ஷால். (உர்பான் காட் வேறு, ஸ்வென் காடே வேறு; பெயர் ஒற்றுமையால் பலர் குழப்பிக்கொள்கிறார்கள்.) ஹாம்லெட்டாக நடித்தவர் ஆஸ்டாவே. பெண்கள் ஹாம்லெட் வேடம் தாங்குவது புதிதன்று. பிரெஞ்சு மேடை நடிகை சாரா பெர்ன்ஹார்ட் 1899இலேயே செய்துவிட்டார். ஆனால் ஆஸ்டா ஆண் வேடம் தாங்கவில்லை. இந்தப் படத்தில் ஹாம்லெட்டே ஒரு பெண்.

எட்வர்ட் வைனிங் என்ற அமெரிக்கர் 1881இல் முன்வைத்த கருத்தே இதற்கு அடிப்படை. ஹாம்லெட்டின் தயக்கமும் மனப்போக்கும் ஆணாக வளர்க்கப்பட்ட ஒரு பெண்ணுக்கே பொருந்தும் என்றார் அவர். படம் அதைக் கதையாக்குகிறது. அரசன் நார்வேயோடு போரில் இருக்கிறான். அவன் இறந்துவிட்டதாகச் செய்தி வருகிறது. அதே வேளையில் அரசி பெண் குழந்தை பெறுகிறாள். அரியணை கைநழுவாமல் இருக்க, பிறந்தது இளவரசன் என்று அறிவித்துவிடுகிறார்கள். அரசன் உயிரோடு திரும்பிய பிறகும் பொய்யைக் காப்பாற்றியாக வேண்டியதாகிறது. வளர்ந்த ஹாம்லெட் விட்டன்பெர்கில் படிக்கும்போது நண்பன் ஹொரேஷியோமீது காதல் கொள்கிறாள். சொல்லவும் முடியாது, மறக்கவும் முடியாது. ஹொரேஷியோவோ ஒஃபீலியாவை விரும்புகிறான். நாடகத்தில் ஒஃபீலியாவிடம் ஹாம்லெட் காட்டும் கொடுமைக்கு இங்கே வேறு விளக்கம் கிடைத்துவிடுகிறது. டென்மார்க்கின் பழைய வரலாற்றாசிரியர் சாக்சோ கிரமாட்டிக்கஸ் எழுதிய மூலக்கதையிலிருந்தும் எடுத்திருக்கிறார்கள். அரசனைக் கொன்று அரியணை ஏறிய சிற்றப்பன் வாளால் சாவதில்லை. குடித்துக் கிடக்கும் மண்டபத்தோடு எரிக்கப்படுகிறான்.

இறுதியில், நச்சுவாளால் வெட்டுண்ட ஹாம்லெட்டைத் தாங்கிப் பிடிக்கும் ஹொரேஷியோவின் கை மார்பில் படுகிறது. அப்போதுதான் அவனுக்கு உண்மை தெரிகிறது. அந்த இடத்தை எவ்வளவு மலினமாக எடுத்திருக்கலாம் என்று எண்ணிப் பாருங்கள். ஆஸ்டா படம் முழுவதும் ஆணின் நடையையோ பெண்ணின் நளினத்தையோ தனியே காட்டாமல், கறுப்பு உடையில், கால்களை நீட்டிச் சாய்ந்து உட்கார்ந்து எல்லாரையும் கண்காணிக்கும் ஓர் ஆளாகவே இருந்துவிடுகிறார். அதனால் ஹொரேஷியோவுக்கு ஏற்படும் அதிர்ச்சி நமக்கும் வலியாகவே வந்து சேர்கிறது.

வண்ணமேற்றிய பழைய பிரதி ஒன்று கிடைத்து, சீரமைக்கப்பட்டு, 2007 பெர்லின் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. அதற்கு முன்பு கறுப்பு வெள்ளைப் பிரதியில் மட்டும் பார்த்தவர்கள் இதை அவசியம் ஒருமுறை பார்க்க வேண்டும். தயாரிப்பாளரும் நடிகையும் ஒருவரே என்ற நிலையில் உருவான இந்தப் படம் சுருள்பெட்டியின் வாதத்துக்கே வலுவூட்டுகிறது.

நிழலாடி

'ஹாம்லெட்' பெரும் படைப்பு என்பதில் எனக்கு ஐயமே இல்லை. ஆனால் ஒரு படத்தை வைத்து முடிவு கட்டலாமா? காட்டிடம் கற்றதுதான் அங்கே பயன்பட்டது என்றும் வாதிடலாமே.

திரைச்சீலை

ஒரு படம் மட்டும் இல்லை நண்பரே. 1920களின் முதல் பாதியில் அவர் ஏற்ற இலக்கியப் பாத்திரங்களை வரிசையாகப் பாருங்கள்: தஸ்தயேவ்ஸ்கியின் நஸ்தாஸ்யா, ஸ்ட்ரிண்ட்பெர்கின் மிஸ் ஜூலி, வேடகிண்டின் லூலு. கோபன்ஹேகன் மேடை அவரிடம் தர மறுத்த தரத்துப் பாத்திரங்கள் இவை. லூலுவாக நடித்த 1923ஆம் ஆண்டுப் படத்தை இயக்கியவர் பெர்லின் அரசு நாடக அரங்கின் தலைவராக இருந்த லெயோபோல்ட் யெஸ்னர். அதாவது மேடை அவரைத் தேடித் திரைக்கே வந்தது. ஹங்கேரியத் திரைக் கோட்பாட்டாளர் பேலா பாலாஷ் 1924இல் வெளியிட்ட நூலின் முடிவில் இரண்டு நடிகர்களைப் பற்றித் தனியாக எழுதினார். ஒருவர் சாப்ளின், மற்றவர் ஆஸ்டா நீல்சன். இதற்கு மேலும் சான்று வேண்டுமா?

தெருவிளக்கு

யாரும் இன்னும் இயக்குநர் பாப்ஸ்ட்டின் 'இன்பமற்ற தெரு'வைத் தொடவில்லையே என்பதால் எழுதுகிறேன். 1925இல் வந்த அந்தப் படத்தில் பணவீக்கக் கால வியன்னாவின் ஒரே தெருவில் இரண்டு பெண்களின் கதை ஓடுகிறது. ஒருவர் கிரெட்டா கார்போ, வயது பத்தொன்பது. மற்றவர் நாற்பத்து மூன்று வயது ஆஸ்டா. இறைச்சிக் கடைக்காரனின் தயவுக்காக இரவெல்லாம் வரிசையில் நிற்கும் பெண்களுக்கு நடுவே இந்த இருவரும் நிற்கிறார்கள். கார்போவின் பாத்திரம் தப்பித்துவிடுகிறது. ஆஸ்டா நடித்த மரியா தப்பிப்பதில்லை. பொறாமையால் கொலை செய்து, பழியைக் காதலன்மேல் போட்டு, பின் தானே முன்வந்து ஒப்புக்கொள்கிறாள்.

கார்போ ஹாலிவுட்டில் புகழ்பெற்ற பிறகு இந்தப் படத்துக்கு நேர்ந்தது கொடுமை. சில நாடுகளில் வெளியான பிரதிகளில் ஆஸ்டாவின் பகுதியைப் பெருமளவு வெட்டி, கார்போ படமாகவே ஆக்கிவிட்டார்கள். பல பத்தாண்டுகள் உலகம் பார்த்தது அந்தக் குறைப்பிரதிகளையே. மியூனிக் திரைப்பட அருங்காட்சியகத்தார் பல பிரதிகளை ஒப்பிட்டுச் சேர்த்த வடிவத்தைத்தான் நாம் பார்க்கவேண்டும். கார்போவைப் பற்றித் தெரிந்த நம்மில் பலருக்கு ஆஸ்டாவைப் பற்றித் தெரியாமல் போனதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

1927இல் புரூனோ ரான் இயக்கிய 'விலைமகளின் அவலம்' இன்னும் ஒரு படி மேல். முதுமையை எட்டும் பாலியல் தொழிலாளி ஆகுஸ்டே, வீட்டைவிட்டு வெளியேறிய ஓர் இளைஞனுக்குப் புகலிடம் தருகிறாள். அவன் தன்னை விரும்புகிறான் என்று நம்பிவிடுகிறாள். சேமிப்பைக் கொண்டு ஒரு மிட்டாய்க் கடை வாங்கிப் புதுவாழ்வு தொடங்க முயல்கிறாள். கண்ணாடி முன் அமர்ந்து தன் முகத்தைத் தானே ஆராயும் காட்சியில், ஆஸ்டா தன் வயதை மறைக்க எந்த முயற்சியும் செய்வதில்லை. சுருக்கங்களை விரலால் தொட்டு அறிகிறார், பொடி பூசுகிறார், நம்பிக்கையோடு நிமிர்கிறார். அந்த நம்பிக்கையைப் பார்க்கும்போதுதான் நமக்கு மனம் தாங்குவதில்லை. நட்சத்திரமாக இருந்த ஒருவர் இப்படி ஒரு நெருக்கக் காட்சிக்கு முகத்தைக் கொடுக்கத் துணிந்தது அக்காலத்தில் அரிது.

புதுவாசகன்

அருமையான செய்திகள். பேசும்படம் வந்ததும் என்ன ஆயிற்று? குரல் அவருக்கு மீண்டும் தடையாயிற்றா?

வடதிசை

தடை என்று சொல்ல முடியாது தம்பி. 1920களின் பிற்பகுதியில் அவர் ஜெர்மன் மேடைகளில் நடித்துச் சுற்றுப்பயணங்களும் செய்தார். எனவே அந்த மொழியில் பேசி நடிப்பது அவருக்குப் புதிதன்று. ஆனால் அவர் நடித்த பேசும்படம் ஒன்றே ஒன்று, 1932இல் வந்த 'இயலாத காதல்'. அதில் அவர் வளர்ந்த மகள்களுடைய, மீண்டும் காதலில் விழும் ஒரு சிற்பி. அத்தோடு திரை வாழ்க்கை முடிந்தது. மொத்தம் எழுபதுக்கும் மேற்பட்ட படங்கள். அவற்றில் நான்கு மட்டுமே டென்மார்க்கில் எடுக்கப்பட்டவை. ஜெர்மானியர் அவரைச் சொந்தமாக்கிக்கொண்டு 'டீ ஆஸ்டா' ('அந்த ஆஸ்டா') என்றே அழைத்தனர். பால்டிக் கடலின் ஹிடன்சே தீவில் கட்டடக் கலைஞர் மாக்ஸ் டவுட் வடிவமைத்த வட்டமான வீடு ஒன்று அவருக்கு இருந்தது. கவிஞர் ரிங்கெல்நாட்ஸ் போன்ற நண்பர்கள் அங்கே வந்து தங்கியிருக்கிறார்கள். அந்த வீடு இப்போது அவருடைய நினைவில்லமாகத் திறந்திருக்கிறது.

1933க்குப் பிறகு நாஜி ஆட்சி அவரைத் தன் பக்கம் இழுக்க முயன்றது. பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் அவருக்குத் தனித் தயாரிப்பு நிறுவனமே தர முன்வந்தார். சொந்த நிறுவனம் வேண்டும் என்று வாழ்நாள் முழுவதும் போராடிய ஒருவருக்கு எப்படிப்பட்ட தூண்டில் அது என்று யோசியுங்கள்! அவர் மறுத்தார்; 1930களின் பிற்பகுதிக்குள் ஜெர்மனியை விட்டு டென்மார்க்குக்கே திரும்பினார். போர்க்காலத்தில், ஜெர்மனியில் வாழ்ந்த ஒரு டேனிஷ் இளைஞர் யூதர்களுக்கு உதவிகள் அனுப்ப, ஆஸ்டா பணம் கொடுத்துத் துணைநின்றார்.

கணக்கேடு

சுருள்பெட்டியின் வாதம் எந்த இடத்தில் நின்றுபோகிறது என்பதற்கு வடதிசை எழுதியதன் தொடர்ச்சியே விடை தருகிறது. டென்மார்க்கில் அக்காலத்தில் கொட்டகை நடத்த அரசின் உரிமம் வேண்டும். கலைக்குத் தொண்டாற்றியவர்களுக்கு அந்த உரிமத்தைக் கொடுத்து, வருவாய்க்கு வழிசெய்வது ஒரு மரபாகவே இருந்தது. இயக்குநர் கார்ல் டிரையருக்கு 1952இல் டாக்மார் கொட்டகையின் உரிமம் கிடைத்தது அப்படித்தான். ஆஸ்டாவும் விண்ணப்பித்தார், அவருக்குக் கிடைக்கவில்லை. உலகம் அறிந்த முதல் டேனிஷ் நடிகைக்குத் தாய்நாடு ஒரு கொட்டகையைக்கூடத் தரவில்லை. தனக்கான இடத்தைத் தானே உண்டாக்கிக்கொண்டார் என்பது பெர்லினில் உண்மை. கோபன்ஹேகனில் அது முதலிலும் நடக்கவில்லை, முடிவிலும் நடக்கவில்லை.

சுருள்பெட்டி

கணக்கேடு அவர்கள் சுட்டிய உரிம மறுப்பு எனக்கும் ஆறாத கோபம் தரும் செய்திதான். ஜெர்மனியில் புகழ்பெற்றவர் என்பதாலேயே போருக்குப் பிந்தைய டென்மார்க் அவரை ஐயத்தோடு பார்த்தது என்பது என் கணிப்பு. ஜெர்மனியோ 1963இல் அவருக்குத் தன் திரைப்பட விருதைத் தங்கப் பட்டையோடு வழங்கியது.

எனினும் கோபன்ஹேகனில் முடிவிலும் நடக்கவில்லை என்பதை மட்டும் நான் ஏற்கமாட்டேன். 1940களின் நடுவில் அவர் தன் வாழ்க்கை வரலாற்றை இரண்டு பாகங்களாக எழுதினார். வேறு யாரும் சொல்வதற்கு முன் தன் கதையைத் தானே சொன்னார். வண்ணத் துணித் துண்டுகளை ஒட்டிப் படங்கள் உருவாக்கும் கலையில் இறங்கி, அவற்றைக் காட்சிக்கும் வைத்தார். 1964இல் மகள் யெஸ்டா, கணவர் இறந்த துயரத்தில் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். தனியாக வளர்த்த மகளை எண்பது வயதைக் கடந்த பின் இழந்த தாய்க்கு அது எத்தகைய அடியாக இருந்திருக்கும்! அதற்குப் பிறகும் அவர் ஒதுங்கிவிடவில்லை. 1968இல், எண்பத்தாறு வயதில், தன்னைப் பற்றிய ஆவணப்படத்தைத் தானே இயக்கினார். நடிகர் ஆக்சல் ஸ்ட்ரோபு கேள்விகள் கேட்க, அவர் கேமரா முன் அமர்ந்து விடை சொல்கிறார். 1970இல், எண்பத்தெட்டு வயதில், கிறிஸ்டியன் தேடே என்ற கலைப்பொருள் வணிகரை மணந்தார். 1972 மே மாதத்தில் கோபன்ஹேகனில் காலமானார்.

அந்த 1968ஆம் ஆண்டுப் படத்தைப் பற்றி இங்கே விரிவாகப் பேச விரும்புகிறேன். மேடை நிர்வாகிகள் பொருந்தாது என்று ஒதுக்கிய அந்தக் குரலை அதில் கேட்கலாம். திரைச்சீலை ஐயா அதைக் கேட்டுவிட்டு, அக்கால மேடை எதற்காக அதை மறுத்திருக்கும் என்று உங்கள் அனுபவத்திலிருந்து எழுதுங்கள். 'இன்பமற்ற தெரு'வின் முழு வடிவத்தைப் பார்த்தவர்கள், மரியா காவல் நிலையத்தில் ஒப்புக்கொள்ளும் காட்சியைக் குறைப்பிரதியோடு ஒப்பிட்டு எழுதினால் அதையும் சேர்த்தே பேசலாம்.